வண்டியில் இருந்தது சிவப்பு மணல்

2-7-79, திங்கள். விடிந்ததிலிருந்து தூறல்.

என் லாரியை அநியாயமாகப் பிடித்து வைத்திருக்கிறார்கள். இன்று ஏழாவது நாள். நடந்ததை நடந்தபடி எழுதி வைக்கிறேன். பின்னால் யாரும் மாற்றிச் சொல்லக் கூடாது.

சென்ற செவ்வாய், மாலை மூன்றரை. கிடர்பூருக்குள் திரும்பும் முனையில் போலீஸ் கைகாட்டி நிறுத்தியது. ஓட்டி வந்தவன் ஜகதீஷ். சப்ரா ஜில்லாக்காரன், ஆறு வருடமாக என் டிரைவர். வண்டியில் மணல். கையில் டிப்போ சலான்: மகரா மணல், ஒரு லோடு, அன்றைய தேதி, அன்றைய முத்திரை. இவ்வளவும் இருந்தும் ஜப்தி பட்டியலில் எழுதியது வேறு. "வெள்ளைப் பொடி மணல், ஆற்றங்கரையிலிருந்து அனுமதி இல்லாமல் அள்ளியது." ஜகதீஷ் மேல் திருட்டு வழக்கு. மூன்று நாள் உள்ளே. பிறகு ஜாமீன். அவன் வந்துவிட்டான், வண்டி வரவில்லை.

மகரா மணல் சிவப்பு, பருமன். கான்கிரீட்டுக்குப் போவது. கங்கைக்கரை மணல் வெள்ளை, மாவு மாதிரி. பள்ளம் தூர்க்க மட்டும் ஆகும். இந்த இரண்டையும் குழப்ப ஒருவன் குருடனாக இருக்க வேண்டும், இல்லை போலீஸாக இருக்க வேண்டும்.

ஜகதீஷிடம் கேட்டேன். "சிவப்புதானே?" "ஹாங் பாபுஜி." தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான். லாக்கப்பில் பயமுறுத்தியிருக்கிறார்கள். வேறு ஏதோ சொல்ல வாயெடுத்தான். நான் இருக்கிறேன், வாயை மூடு என்றேன்.

முப்பத்தொரு வருடம் துறைமுகத்தில் கிரேன் ஓட்டினேன். ஒரு மெமோ கிடையாது. ஓய்வுபெற்று வந்த பணத்தில் வாங்கிய வண்டி. அதன் நெற்றியில் திருட்டு என்று எழுதுகிறார்கள்.

வீட்டுக்காரி செல்லம்மாவுக்கு முழங்கால் வீக்கம். மண்ணெண்ணெய் கிடைக்கவில்லை.

4-7, புதன். மழை விட்டுவிட்டு.

தானாவுக்கு, அதாவது போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனேன். வண்டி பின்பக்க மைதானத்தில், இருப்பதிலேயே பள்ளமான மூலையில். முன்சக்கரம் பாதி தண்ணீரில். தார்ப்பாய் மூடியிருக்கிறது. கயிற்றைக் கொஞ்சம் தளர்த்தி மணலைப் பார்க்கலாம் என்று கை வைத்தேன். பின்னால் ஒரு குரல்.

"என்ன மத்ராஜி பாபு? கேஸ் சொத்து. விரல் பட்டா உங்க பேர்லயும் ஒண்ணு எழுதுவேன்."

இங்கே தமிழன் என்றாலே மத்ராஜி; ஸ்டேஷனின் இரண்டாம் அதிகாரியை மேஜோ பாபு என்பார்கள். இனி மே.பா. முப்பத்தைந்து வயது இருக்கும். வெற்றிலை வாய். சிரித்துக்கொண்டேதான் எல்லாம் பேசுகிறான். வாய்க்கு வாய் தாதா, அதாவது அண்ணன்.

"வண்டி தண்ணியில நிக்குது ஐயா. பேரிங் போயிடும்."

"கவலைப்படாதீங்க தாதா. கங்கையே தேடி வந்து உங்க வண்டிக்குக் கால் கழுவுது. எத்தனை பேருக்குக் கிடைக்கும்?"

கான்ஸ்டபிள்கள் சிரித்தார்கள். நான் அங்கேயே நின்று அவன் பேட்ஜ் நம்பரைப் பார்த்துச் சத்தமாகப் படித்தேன். சிரிப்பு நின்றது.

திரும்பும்போது டிராம் இல்லை. கிடர்பூர் வரை நடை. செருப்பு அறுந்தது.

6-7, வெள்ளி. புழுக்கம். மழை இல்லை.

வக்கீல் சான்யால் பாபு. கோர்ட் மாடிப்படிக்கு அடியில் மேசை, இரண்டு நாற்காலி. நல்ல மனிதர் என்று ஜகதீஷுக்கு ஜாமீன் எடுத்தபோது தெரிந்தது. வண்டியைக் கேட்டு மனு போட வேண்டும், 516-ஏ பிரிவில் என்றேன். என் புத்தகத்தைக் காட்டினேன். காலேஜ் தெருவில் வாங்கியது, பக்கத்துக்குப் பக்கம் நான் கோடு போட்டது. அவர் அட்டையைப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"மஷாய், இந்தச் சட்டம் செத்து அஞ்சு வருஷம் ஆச்சு. புதுச் சட்டம் வந்துடுச்சு. இப்போ 451."

பக்கத்து மேசைக்காரன் எட்டிப் பார்த்தான். பார்க்கட்டும். நம்பர்தான் மாறியிருக்கிறது. பிடித்த பொருளை அழுகவிடாமல் உடையவனிடம் கொடு என்பது பழையதிலும் இருக்கிறது, புதியதிலும் இருக்கிறது. இரண்டையும் ஒப்பிட்டுக் காட்டினேன். "நீங்க எனக்கு முன்னாடியே படிச்சிருந்தா நான் பட்டினிதான்" என்றார்.

மனு போட்டாயிற்று. கூடவே ஜகதீஷின் பிரமாண வாக்குமூலம். அதில் மணல் சிவப்பு, பருமன், சலான்படி ஏற்றியது என்று நான் சொல்லச் சொல்ல டைப் அடித்தார்கள். ஜகதீஷ் கையெழுத்துப் போட நேரம் எடுத்தான். எழுத்து எழுத்தாக, ஹிந்தியில். வியர்வை காகிதத்தில் விழுந்தது.

"பாபுஜி, இது அவசியமா?"

"உண்மையைச் சொல்ல என்னடா பயம்?"

போட்டான்.

8-7, ஞாயிறு.

பாலிகஞ்சிலிருந்து மாப்பிள்ளை சண்முகம் வந்தார். பாங்க் அதிகாரி. அந்த மணல் போய்ச் சேர வேண்டிய கட்டடம் அவர் பாங்குக்கு அடுத்த தெரு. மகள் வரவில்லை, பேரனுக்குச் சளி.

சாப்பாடு நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. மீன்குழம்பு. பிறகு ஆரம்பித்தார்.

"மாமா, கோவிச்சுக்காதீங்க. சைட்ல விசாரிச்சேன். அன்னைக்கு உங்க லோடு காலையிலயே வந்து இறங்கிடுச்சாமே? பத்து மணிக்குன்னு ரெஜிஸ்டர்ல இருக்கு."

"எந்த லோடு?"

"மகரா லோடுதான். உங்க வண்டி நம்பர்தான் போட்டிருக்கு."

"அவன் முந்தின நாள் வந்ததை அன்னைக்கு எழுதியிருப்பான்."

"முந்தின நாளும் ஒண்ணு எழுதியிருக்கு மாமா."

"மாப்பிள்ளை, நீங்க பாங்க்ல நோட்டு எண்ணுதீங்க. நான் வந்து சரியா எண்ணுதீங்களான்னு கேட்டேனா?"

செல்லம்மா கரண்டியை வைத்துவிட்டாள். மாப்பிள்ளை தலை நிமிரவில்லை. மோர் ஊற்றாமலே எழுந்தார். வாசலில் நின்று, "காலையில அது இறங்கிடுச்சுன்னா சாயங்காலம் வண்டியில இருந்தது என்னன்னு கோர்ட்ல கேப்பாங்க மாமா. அதுக்காகத்தான் சொன்னேன்" என்றார்.

சைட் ரெஜிஸ்டர் எழுதுகிறவனை எனக்குத் தெரியும். நெட்டூரப் பயல் இல்லை, ஆனால் அரைக்கண். அவன் எழுத்தை வைத்து என் டிரைவரைச் சந்தேகப்பட முடியாது. சலானில் முத்திரை இருக்கிறது.

ஆறு மணிக்குக் கரண்ட் போனது. எழுதுவதை நிறுத்துகிறேன்.

10-7, செவ்வாய். கனமழை.

மாஜிஸ்ட்ரேட் மனுவை ஏற்றார். வண்டியை என்னிடம் தரலாம். ஒரு பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். கேட்கும்போது வண்டியைக் கொண்டுவந்து நிறுத்துவேன், விற்க மாட்டேன், நிறம் மாற்ற மாட்டேன் என்று. இங்கே ஜிம்மாநாமா என்கிறார்கள். சான்யால் பாபு முதுகில் தட்டினார். எல்லாம் முடிந்தது, இன்றே வண்டி வீட்டுக்கு.

பத்திரத்தைப் படித்தேன். முழுவதும் படித்தேன். எல்லோரும் கடைசிப் பக்கத்தைத் திருப்பிக் கையெழுத்து இடத்தைக் காட்டுகிறார்கள். மூன்றாவது வரி: "திருட்டு மணல் ஏற்றி வந்த மேற்படி வண்டியின் உரிமையாளனாகிய நான்..."

"இந்தச் சொல்லை அடிக்கணும்" என்றேன்.

"எந்தச் சொல்?"

"திருட்டு."

மே.பா. அங்கேதான் இருந்தான். "அது அச்சடிச்ச மாதிரி தாதா. எல்லாருக்கும் அதுதான். மாடு பிடிச்சாலும் திருட்டு மாடுதான்."

"வழக்கே நடக்கல. திருட்டுன்னு நான் எப்படிக் கையெழுத்துப் போடுவேன்?"

"போட்டா வண்டி. போடலைன்னா தவளை வளர்க்கலாம்."

போடவில்லை. பத்திரத்தை மடித்து மேசையில் வைத்துவிட்டு வெளியே வந்தேன். சான்யால் பாபு குடையும் இல்லாமல் பின்னால் ஓடிவந்தார். இருபது வருடத் தொழிலில் கிடைத்த வண்டியை வேண்டாம் என்று சொன்ன ஆளைப் பார்த்ததில்லை என்றார். சரி. இன்று பார்த்தார்.

11-7, புதன்.

செல்லம்மா இன்று முழுவதும் பேசவில்லை. சாயங்காலம் பேசினாள். பேசாமலே இருந்திருக்கலாம்.

"ஒரு சொல்லுக்காக வண்டியை மழையில போட்டுட்டு உக்காந்திருக்கீகளே. அந்தப் பத்திரத்தை யாரு படிக்கப் போறா? நானா படிக்கப் போறேன்?"

"நான் படிச்சேனே."

"அந்த டிரைவர் பொண்டாட்டி ஊர்ல ரெண்டு புள்ளையோட உக்காந்திருக்கா. வண்டி ஓடினாத்தான் அவனுக்குச் சோறு. அதை யோசிச்சீகளா?"

அவன் பெயருக்காகவும்தான் சண்டை போடுகிறேன் என்றேன். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ஒரு வழி தோன்றியிருக்கிறது. மணல் இன்னும் வண்டியில் இருக்கிறது. அதை எடுத்துப் பார்க்கச் சொன்னால் போதும். வாய்ப்பேச்சு வேண்டாம், சாட்சி வேண்டாம். சிவப்பா வெள்ளையா. மனுவை நானே இங்கிலீஷில் எழுதினேன். நான்கு தடவை அடித்து எழுதினேன். அகராதி பார்த்தது மூன்று சொல்லுக்கு.

13-7, வெள்ளி. மேகம். வெயில் எட்டிப்பார்த்தது.

வெற்றி. மாஜிஸ்ட்ரேட் மனுவைப் படித்துவிட்டு, "யார் எழுதியது?" என்று கேட்டார். சான்யால் பாபு என்னைக் காட்டினார். எழுந்து நின்றேன். "எதுவரை படித்தீர்?" "நான்காம் ஃபாரம் ஐயா. மீதி நானாக." தலையசைத்தார். சிரிக்கவில்லை. உத்தரவு: 18-ஆம் தேதி, இரண்டு தரப்பு முன்னால், வண்டியிலிருந்து மணல் மாதிரி எடுத்து முத்திரை வைத்துக் கோர்ட்டில் சேர்க்க வேண்டும். அடுத்த வாய்தா 25.

மே.பா. முகம் வெளிறியது. நான் கண்ணால் பார்த்தேன்.

ஜகதீஷ் வாசலில் காத்திருந்தான். சொன்னேன். அவன் சந்தோஷப்பட்டதாகத் தெரியவில்லை. "பாபுஜி, உங்ககிட்ட ஒண்ணு..." என்று இழுத்தான். பஸ் வந்துவிட்டது. புதன் அன்று கூட வா என்றேன். ஊரிலிருந்து தந்தி, வர முடியாது என்றான்.

தாடைப் பல் வலி. கிராம்பு.

18-7, புதன். காலை முதல் விடாத மழை.

இன்றைய தேதியை மறக்க மாட்டேன். நானும் சான்யால் பாபுவும் பதினொரு மணிக்குத் தானா. கோர்ட் குமாஸ்தா டப்பா, அரக்கு, மெழுகுவர்த்தியோடு. மே.பா. குடை பிடித்துக் கூட்டிக்கொண்டு போனான்.

வண்டி காலி.

தார்ப்பாய் இல்லை. பின்பலகை திறந்து கிடக்கிறது. பின் டயர் இரண்டு இல்லை, செங்கல் மேல் நிற்கிறது. தளத்தில் மழைத் தண்ணீர், ஒரு இலை மிதக்கிறது. மணல் என்று ஒரு பொட்டு இல்லை.

"கரைஞ்சு போச்சு தாதா. என்ன மழை பாத்தீங்களா?"

"மணல் கரையுமா? சர்க்கரையா அது?"

"டயரும் கரைஞ்சுதா?" என்றார் சான்யால் பாபு. முதல்முறையாக அவருக்குக் கோபம் வந்து பார்த்தேன்.

குமாஸ்தா வெறும் டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு எங்கே கையெழுத்துப் போடுவது என்று கேட்டார். அவர்கள் எழுதிக்கொண்டிருக்கும்போது நான் ஒன்றுக்குப் போகிற சாக்கில் தானாவின் பின்பக்கம் நடந்தேன். அரசமரத்தடியில் சனி கோவில். சின்னதுதான். சுற்றிப் புதிதாக இடுப்பு உயரத்துக்குச் செங்கல் மேடை கட்டுகிறார்கள். உள்ளே மணல் நிரப்பியிருக்கிறது. கொத்தன் ஒருவன் சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு பீடி பிடித்தான்.

"மணல் எங்கேருந்து பாய்?"

"தானா லாரி. பெரிய மனசு பாபுங்களுக்கு. ஒரு லோடு அப்படியே குடுத்தாங்க."

சத்தம் போட்டிருக்க வேண்டும். போடவில்லை. கைக்குட்டையை விரித்து ஒரு பிடி அள்ளி முடிந்தேன். சொட்டச் சொட்ட, கறுப்பாக இருந்தது. மே.பா. கூப்பிடும் குரல் கேட்டது. இடுப்பில் செருகிக்கொண்டு வந்துவிட்டேன்.

சான்யால் பாபுவிடம் சொல்லவில்லை. 25-ஆம் தேதி கோர்ட்டிலேயே அவிழ்ப்பேன். கோர்ட் சொத்தைத் திருடிச் சாமிக்குக் கொடுத்திருக்கிறார்கள். யார் திருடன் என்று இப்போது பார்க்கலாம்.

செல்லம்மாவிடம் இரண்டு தோசை கூடுதலாகக் கேட்டுச் சாப்பிட்டேன்.

19-7, வியாழன். வெயில்.

காலை எட்டு மணிக்குப் பழைய பேப்பரில் கொட்டி ஜன்னல் வெயிலில் வைத்தேன். பத்து மணிக்குக் காய்ந்துவிட்டது.

வெள்ளை.

மாவு மாதிரி. ஊதினால் பறக்கிறது. விரல் இடுக்கில் பவுடர் போல ஒட்டுகிறது. சிவப்பு ஒரு பருக்கை இல்லை.

நேற்று அள்ளும்போதே விரலுக்குத் தெரிந்தது. மகரா மணல் உள்ளங்கையைக் கீறும். இது கீறவில்லை. எனக்குத் தெரிந்தது. ஈரம் என்று நினைத்துக்கொண்டேன். நினைத்துக்கொள்ள ஆசைப்பட்டேன்.

வேறு எங்கிருந்தாவது கொண்டுவந்த மணலாக இருக்கலாம். கொத்தன் பொய் சொல்லியிருக்கலாம். மே.பா. மாற்றி வைத்திருக்கலாம். இந்த மூன்றையும் எழுதிவிட்டு மூன்றையும் நம்பவில்லை.

செல்லம்மா பார்த்தாள். "இது என்ன, கோலமாவா?" என்றாள். திரும்பக் கைக்குட்டையில் கொட்டி முடிந்தேன்.

20-7, வெள்ளி. மூட்டம்.

லாரி ஸ்டாண்டு டீக்கடையில் ஜகதீஷைப் பிடித்தேன். தந்தி, ஊர் எல்லாம் பொய். அங்கேதான் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். கைக்குட்டையை அவன் முன்னால் அவிழ்த்தேன். ஒரு நிமிடம் பார்த்தான். டீ கிளாஸைக் கீழே வைத்தான்.

"சிவப்பு லோடு காலையிலயே இறக்கிட்டேன் பாபுஜி."

"அப்புறம் இது?"

"வர்ற வழியில கரையில ஏத்தினது. சலான் அதேதான். ஒரு சலான், ரெண்டு நடை. ஸ்டாண்டுல எல்லாரும் ஓட்டறதுதான்."

"யாருக்கு வித்தே?"

நிமிர்ந்து பார்த்தான். ஆறு வருடத்தில் அப்படிப் பார்த்ததில்லை.

"விக்கறதா? நீங்கதானே கேட்டீங்க! உங்க மத்ராஜி கோயில் முற்றத்துல தண்ணி நிக்குது, பந்தல் போடணும், காலியா வராதே, எங்கேருந்தாவது ஒரு லோடு கொண்டாந்து கொட்டுன்னு. சலானோட கொண்டான்னு சொல்லலையே."

பிறகு கேட்டேன், தானாவில் ஏன் சொல்லவில்லை என்று.

"சொன்னா உங்களையும் உள்ள வெச்சிருப்பாங்க. இந்த வயசுல அந்தத் தரையில படுப்பீங்களா? வெளிய வந்து சொல்லலாம்னு பாத்தேன். நீங்க எங்க பேச விட்டீங்க? சிவப்பு சிவப்புன்னு கோர்ட்ல நீங்க கத்தும்போது நான் வாசலுக்குப் போயிடுவேன். அந்தப் பேப்பர்ல கையெழுத்து வேற போட வெச்சீங்க. ராமர் சத்தியமா, அன்னைக்கு ராத்திரி சாப்பிடல."

டீக்கடைக்காரன் கேட்டுக்கொண்டிருந்தான். இரண்டு டிரைவர்கள் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கேட்கட்டும் என்று இந்த முறை தோன்றவில்லை.

வீட்டுக்கு வந்து இதே நோட்டில் ஜூன் மாதத்தைத் திருப்பினேன். இருக்கிறது, என் கையெழுத்தில்: "24-6. கோவில் கமிட்டி. முற்றத்தில் கணுக்கால் தண்ணீர். ஆடிப் பூஜைக்குப் பந்தல்கால் நட முடியாது என்கிறார்கள். நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். ஜகதீஷிடம் சொல்லியாயிற்று, எங்கிருந்தாவது ஒரு லோடு. செ-வுக்குத் தைலம்."

அப்புறம் யாரோ செங்கல் பொடி கொண்டுவந்து கொட்டினார்கள். நான் மறந்துவிட்டேன். தைலம் வாங்கியது நினைவிருக்கிறது, இது இல்லை.

22-7, ஞாயிறு.

ஒன்றும் எழுதத் தோன்றவில்லை. சவரம். கோவிலுக்குப் போகவில்லை. செயலாளர் ஆள் அனுப்பினார், உடம்பு சரியில்லை என்று சொல்லச் சொன்னேன். மே.பா. செய்தது திருட்டுதான். அதில் மாற்றம் இல்லை. ஆனால் அவன் பட்டியலில் எழுதியது சரி. இரண்டும் ஒரே ஆள் செய்தது என்பதைத்தான் ஏற்க முடியவில்லை.

23-7, திங்கள். மழை.

சான்யால் பாபுவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கைக்குட்டை, ஜகதீஷ், ஜூன் பக்கம். கடைசி வரை கேட்டுவிட்டு நாற்காலியைக் கிட்டே இழுத்துக்கொண்டார்.

"மஷாய், இதை என்கிட்ட சொன்னதோட நிறுத்துங்க. மணல் போச்சு. சோதிக்க ஒண்ணுமில்ல. அவங்க பயந்திருக்காங்க. இது உங்களுக்கு அடிச்ச யோகம்."

யோகம் அரை மணியில் நேரிலேயே வந்தது. மே.பா. வெற்றிலையோடு வந்து பெஞ்சில் உட்கார்ந்தான். இன்று தாதா இல்லை, மெஸோமஷாய். பெரியப்பா ஆகிவிட்டேன்.

"நீங்க கேட்ட மாதிரியே செய்யலாம் மெஸோமஷாய். அந்தச் சொல்லை அடிச்சிடறேன். ஜிம்மாநாமாவுல வெறும் 'மணல்' மட்டும். டயர் ரெண்டும் நாளைக்கே வண்டியில மாட்டியிருக்கும். கொத்தன் சொன்னான். ஆனா நீங்க சனி பாபா மேடையைப் பாக்கவே இல்ல."

"ஜகதீஷ்?"

"டிரைவர்தானே. குற்றத்தை ஒத்துக்கிட்டா சின்ன தண்டனை. போய் இருந்துட்டு வருவான். இவங்களுக்கெல்லாம் இது பழக்கம்."

சான்யால் பாபு என் கையை மேசைக்கு அடியில் அழுத்தினார்.

இரண்டு வாரமாக நான் கேட்டது அப்படியே கைக்கு வருகிறது. ஒரு சொல் குறையாமல். இல்லை, அந்த ஒரு சொல் குறைந்து. ஆசைப்பட்டேன். இந்த நோட்டில் பொய் எழுதக் கூடாது. ஒரு முழு டீ குடிக்கும் நேரம் ஆசைப்பட்டேன்.

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். மே.பா. டீக்குக் காசு கொடுக்க வந்தான். அதை மட்டும் விடவில்லை.

24-7, செவ்வாய். தூறல். நாளை கோர்ட்.

முடிவு செய்தாயிற்று. மேடையையும் சொல்வேன், மணல் வெள்ளை என்பதையும் சொல்வேன். ஒன்றை மட்டும் சொல்ல என்னால் ஆகாது.

சான்யால் பாபு காலையில் ஆள் விட்டு அழைத்தார். போனேன். "ரெண்டையும் சொன்னா ரெண்டு பக்கமும் அடி வாங்குவீங்க. போலீஸும் விடாது, வண்டியும் வராது, உங்களையும் கேஸ்ல சேப்பாங்க" என்றார். சேர்க்கட்டும், அதற்குத்தான் போகிறேன் என்றேன். நெற்றியில் கை வைத்துக்கொண்டார். "அப்போ வக்கீலா வர்றதா, வேண்டாமா?" "வரணும். நான் கத்தினா நிறுத்தணும்."

மாப்பிள்ளைக்குப் பக்கத்து வீட்டுப் போனிலிருந்து பேசினேன். அன்றைக்கு மோர் ஊற்றாமல் எழுந்தீர்களே, ரெஜிஸ்டர் சரிதான் என்றேன். "லீவு போடறேன் மாமா" என்றார்.

செல்லம்மாவிடம் கடைசியில் சொன்னேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். முறம் நின்றது.

"அந்தச் சொல்லு வேண்டாம், அந்தச் சொல்லு வேண்டாம்னு வண்டியைத் துருப்பிடிக்க விட்டீக. இப்போ நீங்களே போயி அதைத் தலையில வாங்கிக்கப் போறீகளா?"

"என் தலைக்கு வரவேண்டியதுதானே. அவன் தலையில இருக்கு."

"வயசு அறுபத்தாறு."

"தெரியும்."

மறுபடி புடைக்க ஆரம்பித்தாள். கொஞ்சம் பொறுத்து, "எந்தச் சட்டை?" என்றாள்.

நாளைக்கு ஆக வேண்டியவை:

சான்யால் பாபு: ஜகதீஷின் வாக்குமூலத்தை வாபஸ் வாங்க மனு. அதில் அந்த வாசகங்கள் என்னுடையவை, அவன் எதிர்த்தும் நான் கையெழுத்து வாங்கினேன் என்று போட வேண்டும். 'எதிர்த்தும்' விடக் கூடாது.

கோர்ட்டைக் கேட்க வேண்டியது: சனி கோவில் மேடையை இடிக்க வேண்டாம். மேலே ஒரு கல்லை எடுத்து மணல் மாதிரி எடுத்தால் போதும். கொத்தனைக் கூப்பிட வேண்டாம், அவன் கூலிக்காரன்.

மே.பா.: மணல், தார்ப்பாய், இரண்டு டயர் எங்கே போயின என்று எழுத்தில் பதில். வாயால் சொன்னால் ஏற்கக் கூடாது. சிரித்துக்கொண்டு சொன்னாலும்.

கோவில் செயலாளர்: முற்றத்தில் கொட்டச் சொன்னது கமிட்டி தீர்மானம் அல்ல, நான் தனியாகச் சொன்னது என்று ஒரு கடிதம். இன்றே வாங்க வேண்டும். அவர் தயங்குவார். விடக் கூடாது.

மாப்பிள்ளை: சைட் ரெஜிஸ்டரின் அந்தப் பக்கத்துக்கு நகல். பத்தரைக்குள்.

செல்லம்மா: வர வேண்டாம். வருவாள். வந்தால் பெஞ்சில் மின்விசிறிக்கு அடியில் இடம் பிடித்துக் கொடுக்க வேண்டியது மாப்பிள்ளை.

ஜகதீஷ்: ஒன்றும் பேச வேண்டாம். பெயர் கூப்பிட்டதும் அவன் கூண்டில் ஏறப் போவான். பாதியில் நிறுத்தி அவனைக் கீழே இறக்க வேண்டியது சான்யால் பாபு.

நான்: ஜூன் பக்கத்தைக் கிழிக்காமல் நோட்டோடு கொண்டுபோக வேண்டியது. ஜிம்மாநாமா கொடுத்தால், அந்தச் சொல் இருந்தாலும், கையெழுத்துப் போட வேண்டியது. கூண்டில் ஏற வேண்டியது. மூன்று படி. யாரும் கை கொடுக்கக் கூடாது.